உத்தியோகம் பார்த்த அரசர்

‘உத்தியோகம் புருஷ லட்சணம்’ என்பது நம்மவர் வாயில் நெடுங்காலமாக வழங்கிவரும் மொழி. அரசாங்க முத்திரை பதித்த நீண்ட கடித உறையொன்று தபாற்காரர் கையில் வந்து சேருமாயின், அன்று அவ்வீட்டிலே பொங்கற்பானை ஏறும். பிள்ளையாருக்கு மோதகம் அவியும். அயலெல்லாம் செய்தி பரவும். நேற்றுவரை ஒழுங்கையில் சைக்கிளோட்டித் திரிந்த பிள்ளை, மேசை ஒன்றும் நாற்காலி ஒன்றும் கிடைத்த மறுதினமே சிற்றரசனாகிவிடுகின்றான். இதனைக் குறையாகச் சொல்ல நாம் வரவில்லை. தோட்டத்துக் கிணற்றிலே துலா மிதித்து இறைத்த தந்தை, தம் மகன் வெயில் படாத இடத்திலிருந்து எழுத வேண்டுமென்று எண்ணியது நியாயமே. ஆனால், உத்தியோகத்தர் அரசராவதை நாள்தோறும் காணும் நமக்கு, அரசர் ஒருவர் உத்தியோகத்தரான வரலாறு சற்றே புதுமையாகத் தோன்றும்.

அத்தகைய அரசர் ஒருவர் ஜாவாத் தீவிலே வாழ்ந்தார். யோக்யகர்த்தாவின் சுல்தானாகிய ஒன்பதாம் ஹமெங்குபுவோனோ என்பவரே அவர். உலகையே மடியில் ஏந்தியவர் என்பது அப்பட்டப் பெயரின் பொருள். உலகை ஏந்துவதாகப் பெயர் பூண்ட அம்மன்னர், ஒரு பிரதேசத்தின் ஆளுநராகி, கோப்புகளைப் பார்த்து, குடிகளின் குறை கேட்டு, சட்டத்துக்கு அடங்கிய அரசாங்க ஊழியராக நாற்பது ஆண்டுகளுக்கு மேல் பதவி வகித்தார் என்பதை நினைக்குந்தோறும் நமக்கு வியப்பு மேலிடுகின்றது.

ஜாவா நமக்கு அந்நியமான நாடன்று. மணிமேகலை கூறும் சாவக நாட்டையும் அங்கு ஆண்ட புண்ணியராசனையும் நம் மாணவர் அறிவர். நம் சாவகச்சேரியின் பெயரும் சாவகரின் குடியிருப்பை நினைவூட்டுகின்றதென்பர் அறிஞர். யோக்யகர்த்தா என்ற பெயரே அயோத்தியின் திரிபு எனப்படுகின்றது. இவை பழங்கதைகள். அண்மைய நூற்றாண்டுகளில் நம்மையும் அவர்களையும் இணைத்தது வேறொரு விலங்கு. யாழ்ப்பாணத்தை 1658இல் கைப்பற்றி 1795 வரை ஆண்ட ஒல்லாந்தர் கும்பனிக்குக் கீழைத்தேசத் தலைமையிடம் ஜாவாவிலுள்ள பத்தாவியா நகரமே. தமக்கு அடங்காத ஜாவா அரசர்களை அக்கும்பனியார் நாடு கடத்தி அனுப்பிய இடங்களில் நம் இலங்கையும் ஒன்று. மத்தராம் நாட்டு மன்னர் மூன்றாம் அமங்குராத் 1708இல் சிறைப்பட்டு இங்கே கொண்டுவரப்பட்டார். அந்த மத்தராம் இராச்சியமே 1755இல் ஒல்லாந்தரின் முன்னிலையில் இரண்டாகப் பிளவுபட்டது. ஒரு பாதி சுரக்கர்த்தா. மறு பாதி யோக்யகர்த்தா.

அப்பிளவின் பின் ஏறத்தாழ நூற்றைம்பத்தேழு ஆண்டுகள் கழிய, 1912ஆம் ஆண்டு ஏப்ரில் 12ஆந் திகதி நம் கதாநாயகர் பிறந்தார். பிள்ளைப் பருவத்தில் அவருக்கு இட்ட பெயர் டொரொஜாத்துன். அரசகுமாரன் என்றால் பட்டுமெத்தையும் பணிப்பெண்களும் நம் மனக்கண்முன் வருதல் இயல்பு. அவருடைய தந்தையாரோ வேறு விதமாக எண்ணினார். நான்கு வயதுக் குழந்தையை அரண்மனையினின்றும் எடுத்து, ஒல்லாந்த ஆசிரியர் ஒருவரின் வீட்டிலே விட்டார். தோழியரும் பாங்கியரும் உடன் செல்லவில்லை. அவ்வீட்டில் அவரை ‘ஹெங்கி’ என்று செல்லமாக அழைத்தனர். தன் படுக்கையைத் தானே ஒழுங்கு செய்யவும், நேரத்துக்கு எழவும், கேட்டுப் பெற்று உண்ணவும் அப்பிள்ளை பழகியது. பாடசாலை, உயர்தரப் பாடசாலை, பின்னர் ஒல்லாந்து தேசத்தின் லெய்டன் சர்வகலாசாலை என்று படிப்பு நீண்டது. இருபத்தேழு வயது வரையில் அவருடைய வாழ்க்கை பெரும்பாலும் பிறர் வீட்டு வாழ்க்கையே.

பெற்ற தாயின் மடியினின்றும் நான்கு வயதுப் பிள்ளையைப் பிரித்தது கொடுமையன்றோ என்று நம் தாய்மார் கேட்பர். கேட்பது சரியே. அந்த வயதில் தனிமையுணர்ந்து அப்பிள்ளை எத்தனை இரவுகள் விழித்திருந்ததோ! ஆயினும் ஒன்றை நாம் மறுத்தல் இயலாது. ஆள்வோரின் மொழியையும் மனப்போக்கையும் அவர்களுடைய அடுப்பங்கரையிலிருந்தே அறிந்தவர் அவர். அவர்களைக் கண்டு அஞ்சவும் இல்லை; அவர்களைப்போலாகிவிடவும் இல்லை.

1939இல் ஐரோப்பாவிலே யுத்த மேகம் சூழ்ந்தது. தந்தையார் மகனைத் திருப்பி அழைத்தார். பத்தாவியாத் துறைமுகம்வரை தாமே வந்து எதிர்கொண்ட சுல்தான், அங்கேயே தமது குலத்துக் ‘கிறிஸ்’ என்னும் குத்துவாளை மகனிடம் ஒப்படைத்தார். முடிக்குரியவன் இவனே என்பதற்கு அது அடையாளம். யோக்யகர்த்தாவுக்குத் திரும்பும் புகைவண்டியிலே அவர் நோயுற்றார். ஒக்டோபர் 22ஆந் திகதி காலமானார். பல ஆண்டுப் பிரிவின்பின் தந்தையும் மகனும் கூடியிருந்த காலம் சில தினங்களே.

முடிசூடுமுன் ஒல்லாந்தக் கவர்னருடன் ஓர் உடன்படிக்கையிற் கையொப்பமிட வேண்டியிருந்தது. சுல்தானின் முதலமைச்சர் ஒல்லாந்தருக்கும் ஊழியராக இருப்பதா, அரண்மனைப் படையை நடத்துபவர் யார் என்பன போன்ற பிரச்சினைகள். இளைஞர் விட்டுக்கொடுக்கவில்லை. கவர்னரும் தளரவில்லை. ஏறத்தாழ நான்கு மாதம் பேச்சு நீடித்தது. பின்பு ஒருநாள், யாவரும் வியக்கும்படி, வாசகத்தைப் படித்தும் பாராமல் அவர் கையொப்பமிட்டார். முன்னோரின் குரலொன்று காதில் ஒலித்ததென்றும், ஒல்லாந்தர் விரைவிலே இந்நாட்டைவிட்டு நீங்குவர், ஆகவே கையொப்பமிடுக என்று அது பணித்ததென்றும் பிற்காலத்திலே அவர் கூறினார். நம்புவோர் நம்பட்டும். 1940 மார்ச் 18ஆந் திகதி அவர் முடிசூடினார். இரண்டே ஆண்டுகளில், 1942இல், யப்பானியர் வந்திறங்க, ஒல்லாந்தர் ஆட்சி வீழ்ந்தது என்பது வரலாறு. முடிசூட்டு விழாவிலே, தாம் மேனாட்டுக் கல்வி பெற்றவராயினும் முதலாவதாகவும் முடிவாகவும் ஜாவாக்காரரே என்று அவர் உரைத்ததை அந்நாட்டார் இன்றும் நினைவுகூர்கின்றனர்.

யப்பானியர் காலம் கொடுங்காலம். ‘ரோமுஷா’ என்ற பெயரால் கிராமத்து ஆடவரைத் திரட்டித் தூரதேசங்களிலே கட்டாய வேலைக்கு விட்டனர். சென்றவரிற் பலர் திரும்பவில்லை. குடிகளைக் காப்பாற்ற சுல்தானிடம் படையில்லை, பீரங்கியில்லை. அவர் ஒரு வழி கண்டார். எமது நாடு வரண்ட நாடு, நெல் விளைவு போதாது, புரோகோ ஆற்றையும் ஓபாக் ஆற்றையும் இணைத்து வாய்க்கால் வெட்டினால் விளைச்சல் பெருகும், உங்கள் சேனைக்கும் உணவு கிட்டும் என்று யப்பானியருக்கு எடுத்துரைத்தார். அவர்கள் இசைந்தனர். சுமார் 31 கிலோமீற்றர் நீளமான அவ்வாய்க்காலை வெட்ட உள்ளூர் மக்களே வேண்டப்பட்டனர். அதனால் எத்தனையோ குடும்பங்களில் ஆண்மக்கள் தம் ஊரிலேயே நின்றனர். எதிர்த்து நின்று மடிவது வீரந்தான். ஆனால், மண்வெட்டியைக் கையிற் கொடுத்து மனிதரைக் காத்ததற்கு நாம் வைக்கும் பெயர் என்ன?

1945 ஓகஸ்ட் 17ஆந் திகதி சுகர்ணோவும் ஹத்தாவும் இந்தோனீசியக் குடியரசைப் பிரகடனஞ் செய்தனர். அரசர்களுக்கு அது சோதனைக் காலம். குடியரசு வந்தால் முடிக்கு இடமேது? ஒல்லாந்தர் மீண்டு வந்தால் பழைய மானியமும் மரியாதையும் மீளுமன்றோ? பல சமஸ்தானாதிபதிகள் காற்று எப்பக்கம் வீசுமெனக் காத்திருந்தனர். யோக்யகர்த்தா சுல்தான் மறுநாளே வாழ்த்துத் தந்தி அனுப்பினார். செப்டெம்பர் 5ஆந் திகதி, தமது இராச்சியம் குடியரசின் ஒரு பிரதேசமென்று பிரகடனஞ் செய்தார். அந்நகரில் அவருக்கு அடுத்த சிற்றரசராகிய எட்டாம் பாக்கு ஆலமும் அன்றே அவ்வாறு செய்தார். சுரக்கர்த்தாவுக்கு நேர்ந்தது வேறு. அங்கே குழப்பம் மூண்டு, 1946இல் அதன் விசேட நிலை பறிபோயிற்று. ஒரே மரத்தின் இரு கிளைகள். ஒன்று தழைத்தது, மற்றது பட்டது.

ஒல்லாந்தப் படைகள் ஜகார்த்தாவில் நெருங்கவே, 1946 ஜனவரியிற் குடியரசின் தலைநகர் யோக்யகர்த்தாவுக்கு மாறிற்று. கருவூலத்திற் பணமில்லாத அரசாங்கத்துக்கு அரண்மனையின் பொருள் உதவியது. 1948 டிசெம்பர் 19ஆந் திகதி ஒல்லாந்தர் விமானங்களுடன் வந்து நகரைக் கைப்பற்றி, சுகர்ணோவையும் ஹத்தாவையும் சிறைப்பிடித்தனர். சுல்தானை மட்டும் தொடத் துணியவில்லை. தொட்டால் ஜாவா முழுவதும் கொந்தளிக்கும் என்பதை அறிவர். தம்முடன் ஒத்துழைத்தாற் பெரும் பதவி அளிப்பதாக ஆசை காட்டினர். அவரோ ஆட்சிப் பொறுப்பைத் துறந்து, அரண்மனைக் கதவைச் சாத்தி, பேச்சுக்கே இசையாதிருந்தார். சாத்திய கதவுக்கு உள்ளே விடுதலைப் போராளிகள் ஒளிந்திருந்தனர். 1949 மார்ச் முதலாந் திகதி அப்போராளிகள் நகருட் புகுந்து, ஆறு மணி நேரம் அதனைத் தம் கையில் வைத்திருந்தனர். குடியரசு இறந்துவிடவில்லை என்பதை உலகம் அன்று அறிந்தது. அத்தாக்குதலை எண்ணியவர் யார் என்ற வழக்குப் பின்னாளில் எழுந்தது. சுஹார்த்தோவின் ஆட்சிக் காலத்திலே புகழெல்லாம் அவருக்கே உரியதாக எழுதப்பட்டது. 2022இல் இந்தோனீசிய அரசாங்கம் அந்நாளைத் தேசிய நினைவு நாளாக்கியபோது, அது சுல்தானின் எண்ணத்தில் உதித்தது என்று ஆணையிலே குறித்தது. தாம் உயிருடன் இருந்த காலத்தில், அதற்காக அவர் வீதியில் நின்று வாதாடவில்லை.

அதே ஆண்டு டிசெம்பர் 27ஆந் திகதி, அம்ஸ்ரர்டாமிலே ஜூலியானா மகாராணியிடமிருந்து ஹத்தா சுதந்திரப் பத்திரத்தைப் பெற்ற அன்று, ஜகார்த்தாவிலே ஒல்லாந்தப் பிரதிநிதியிடமிருந்து ஆட்சியை ஏற்றவர் நம் சுல்தான். ஒல்லாந்தர் வீட்டிலே ‘ஹெங்கி’யாக வளர்ந்த பிள்ளைதான் ஒல்லாந்தரின் கணக்கை முடித்து வைத்தது.

மாணவர்கள் கருத்தூன்ற வேண்டிய செய்தியொன்று இதற்கிடையில் உண்டு. போரின் நடுவே அந்நகரில் ஒரு சர்வகலாசாலை முளைத்தது. கட்டடமில்லை. சுல்தான் தமது அரண்மனையின் முன்மண்டபங்களை வகுப்பறைகளாகத் திறந்துவிட்டார். மன்னர் கொலுவீற்றிருக்கும் மேடையிலும், குடிகள் கைகட்டித் தரையில் அமரும் முன்றிலிலும், உழவரின் பிள்ளைகள் புத்தகத்துடன் அமர்ந்தனர். 1949 டிசெம்பர் 19ஆந் திகதி முறையாக நிறுவப்பட்ட காஜா மாடா சர்வகலாசாலையின் தொடக்கம் அதுவே. கலைக்குக் கோயில் கட்டுவதாகப் பேசுவோர் பலர். தம் அரியாசனத்தைச் சற்றே ஒதுக்கி, அவ்விடத்திலே வாங்கு போட இடங்கொடுத்தவர் சிலர்.

இனி, அவர் பார்த்த உத்தியோகத்துக்கு வருவோம். 1950ஆம் ஆண்டின் மூன்றாம் இலக்கச் சட்டம் யோக்யகர்த்தாவை விசேட பிரதேசமாக அமைத்தது. சுல்தான் அதன் ஆளுநர். பாக்கு ஆலம் துணை ஆளுநர். ஆனால், சட்டம் வருமுன்னரே அவர் ஆட்சிமுறையைத் திருத்தத் தொடங்கிவிட்டார். மன்னருக்கும் மக்களுக்கும் நடுவே ஒல்லாந்தர் காலத்து முதலமைச்சர் ஒருவர் இருந்தார் அன்றோ? அப்பதவியில் இருந்தவர் 1945இல் ஓய்வுபெற்றதும், வேறொருவரை அமர்த்தாது அவ்வேலையைத் தாமே ஏற்றார். அரண்மனையிலிருந்து புறப்பட்டு, முதலமைச்சரின் பழைய கந்தோராகிய கெப்பத்திஹானிற் சென்று அமர்ந்தார். வேலைக்காரன் எசமானின் நாற்காலியிலிருந்த கதைகள் நமக்குத் தெரியும். எசமான் வேலைக்காரனின் நாற்காலிக்கு விரும்பிச் சென்றதை இங்கே காண்கின்றோம்.

1946இலேயே கிராமங்களுக்குத் தெரிவு செய்யப்பட்ட சபைகள் அமைந்தன. கந்தோர் மொழியும் மாறிற்று. ஜாவா மொழியிலே உயர்ந்தோரிடம் பேசும் நடை வேறு, தாழ்ந்தோரிடம் பேசும் நடை வேறு. வாய் திறக்குமுன்னரே, நான் மேலோனா கீழோனா என்று முடிவு செய்தாக வேண்டும். ஆட்சிக் கருமங்களுக்கு இந்தோனீசிய மொழி வந்தபோது, உழவனும் உத்தியோகத்தனும் ஒரே நடையிற் பேச வழி பிறந்தது. 1951இற் பிரதேச சபைக்குத் தேர்தலும் நடந்தது. இந்தோனீசியா முழுவதற்குமான முதற் பொதுத்தேர்தல் 1955இலேதான் நடந்ததென்பதை நோக்குமிடத்து, மன்னர் ஆண்ட மண் மற்றப் பகுதிகளுக்கு முந்திக்கொண்டதைக் காணலாம்.

மொழியின் மேடு பள்ளத்தைப்பற்றி எழுதும்போது, நாம் கண்ட ஒரு காட்சி நினைவுக்கு வருகின்றது. சிறு பத்திரமொன்று பெறுவதற்காக ஒரு கந்தோரிலே காத்திருந்தோம். ஊரும் பேரும் வேண்டியதில்லை. எழுபது வயதைத் தாண்டிய ஆச்சி ஒருவர், காலையிலிருந்து நின்று, கடைசியில் மேசையை அணுகினார். மேசைக்குப் பின்னிருந்தவர் நிமிர்ந்தும் பாராமல், “நாளைக்கு வா” என்றார். பேரப்பிள்ளை வயதுடையவர் ஆச்சியை ‘வா’ என்றது எம் காதைச் சுட்டது. அப்போது பக்கத்து மேசையிலிருந்த இளம் பெண் எழுந்து வந்து, தன் நாற்காலியை இழுத்துப் போட்டு, “இருங்கோ ஆச்சி, நான் எடுத்துத் தாறன்” என்றாள். பத்து நிமிடத்தில் வேலை முடிந்தது. இருவருக்கும் ஒரே சம்பளமாக இருக்கலாம். ஒரே பரீட்சையிலே தேறியிருக்கலாம். பதவி மனிதரை உயர்த்துவதுமில்லை, தாழ்த்துவதுமில்லை. உள்ளே இருப்பதை வெளியே காட்டுகின்றது, அவ்வளவே.

யோக்யகர்த்தா மக்கள் தம் சுல்தானைப்பற்றி ஒரு கதை சொல்வர். அவர் தாமே மோட்டார் ஓட்டும் வழக்கமுடையவர். ஒருநாள் மலைப்பக்கமிருந்து நகருக்கு வரும் வழியில், அரிசி வியாபாரம் செய்யும் பெண்ணொருத்தி கையைக் காட்டி வண்டியை மறித்தாள். கூலிக்குச் சுமையேற்றும் வண்டியென எண்ணி, மூட்டைகளை ஏற்றச் சொன்னாள். சாரதி இறங்கி ஏற்றினார். சந்தையிலே இறக்கியும் கொடுத்தார். அவள் கூலியை நீட்ட, அவர் வேண்டாமென்றார். ‘கூலி போதாதென்று நினைத்து மறுக்கிறாயோ’ என அவள் சினந்து ஏசினாள். அவர் மரியாதையுடன் விடைபெற்றுச் சென்றார். வண்டியை ஓட்டி வந்தவர் யாரென்பதைப் பொலிஸ்காரர் ஒருவர் சொல்ல, அவள் மயங்கி வீழ்ந்தாளாம். செய்தி அறிந்த சுல்தான், வைத்தியசாலைக்குச் சென்று அவளைப் பார்த்தார் என்று கதை முடிகின்றது. மாறுவேடம் பூண்டு நகர்வலம் வந்த மன்னர் கதைகளை நம் பாட்டிமார் சொல்லக் கேட்டிருக்கின்றோம். இவர் வேடமே பூணவில்லை. இருந்தபடி இருந்தார், அவளுக்குத்தான் அவர் அரசராகத் தோன்றவில்லை.

மத்திய அரசாங்கமும் அவரை விட்டுவைக்கவில்லை. பாதுகாப்பு அமைச்சர், துணைப் பிரதமர் என்று 1949க்கும் 1953க்குமிடையிற் பல பொறுப்புகள். 1961இற் சாரணர் இயக்கங்கள் யாவும் ஒன்றானபோது, அதன் தேசியத் தலைவரானார். அரைக்காற் சட்டைச் சிறுவருடன் கூடாரத்திலே காணப்பட்டார். 1966இல், விலைவாசி ஓராண்டுக்குள் ஆறு மடங்குக்கு மேல் ஏறி நாடு தவித்தபோது, பொருளாதாரப் பொறுப்பை ஏற்று, கடன்கொடுத்த நாடுகளிடம் தவணை கேட்டு நடந்தார். பிறநாட்டார் புதிய அரசாங்கத்தை நம்பாவிடினும் சுல்தானின் சொல்லை நம்பினர். 1973இல் உப ஜனாதிபதியானார். 1978இல் மீண்டும் அப்பதவி வந்தபோது, உடல்நிலையைக் காரணங்காட்டி மறுத்துவிட்டார். இத்தனைக்கிடையிலும் ஆளுநர் பதவி அவரிடமே இருந்தது.

இக்கதையை எம் வீட்டு முற்றத்திலே கூறிக்கொண்டிருந்தபோது, சர்வகலாசாலையிற் படிக்கும் எம் மருமகன் குறுக்கிட்டான். “மாமா, நல்லவர் என்பதை ஒப்புக்கொள்கிறேன். ஆனால், யாரும் வாக்களியாமல் ஒருவர் நாற்பது வருடம் ஆளுநராக இருப்பது சனநாயகமா? ஜகார்த்தாவில் அமைச்சராக இருந்தவர் யோக்யகர்த்தாவில் எப்படி வேலை பார்த்திருப்பார்?” என்றான்.

கேள்வியைத் தட்டிக்கழிக்க நமக்கு மனம் வரவில்லை. “தம்பி, நீ கேட்டதில் இரண்டாவதற்கு விடை எளிது. அன்றாட வேலையைப் பெரிதும் பார்த்தவர் துணை ஆளுநர் பாக்கு ஆலம். சுல்தான் 1988இல் மறைந்தபின்னும், 1998இல் தாம் இறக்கும்வரை, அவரே பதில் ஆளுநராக இருந்து நடத்தினார். புகழ் ஒருவருக்கும் உழைப்பு மற்றவருக்கும் என்று ஆகாமல், அவரையும் சேர்த்தே நாம் நினைக்க வேண்டும்” என்றோம்.

முதற் கேள்வி எளிதன்று. சுல்தானின் புதல்வராகிய பத்தாம் ஹமெங்குபுவோனோ 1998இல் ஆளுநரானார். பிற மாகாணங்களிலே ஆளுநரை மக்கள் வாக்களித்துத் தெரியும் முறை பின்னர் வந்தபோது, யோக்யகர்த்தாவும் அவ்வழியே செல்லவேண்டுமெனச் சிலர் வாதாடினர். அந்நகரத்து மக்களிற் பெருந்தொகையினரோ, எமக்குச் சுல்தானே போதும் என்று வீதிக்கு வந்தனர். முடிவில், 2012ஆம் ஆண்டின் பதின்மூன்றாம் இலக்கச் சட்டம், சுல்தானாக இருப்பவரே ஆளுநர், பாக்கு ஆலமாக இருப்பவரே துணை ஆளுநர் என விதித்தது. தந்தை சேர்த்த நம்பிக்கையிலே தனயன் அமர்ந்தார் எனலாம். ஆனால், நம்பிக்கை காணி நிலம் போன்றதன்று. உறுதி எழுதிப் பிள்ளைக்குக் கொடுத்தல் இயலாது. ஒவ்வொரு தலைமுறையும் தானே உழைத்துத் தேடவேண்டிய முதுசொம் அது. எம் மருமகன் கவலைப்படுவதும் இதையே. அவன் கவலையில் நியாயம் உண்டென்றே நாம் கருதுகின்றோம்.

வேறு குறைகளும் இல்லாமலில்லை. பழைய அரண்மனை வழக்கப்படி அவருக்கு மனைவியர் பலர், ஒருவரையும் பட்டத்தரசியாக்கவில்லை. அப்பெண்மக்களின் மனத்தை வரலாற்றாசிரியர் அதிகம் எழுதவில்லை. சுஹார்த்தோவின் கடுமையான ஆட்சிக்குத் தமது நற்பெயரைத் துணையாகக் கொடுத்தார் என்றும் சொல்லலாம். அவர் தெய்வமல்லர். அரண்மனையின் ஒரு பகுதியிலே அவர் நினைவாக அமைந்த காட்சிச்சாலையில், மெடல்களுடனும் சாரணர் உடையுடனும் அவருடைய ஒளிப்படக் கருவியையும் சமையற் பாத்திரங்களையும் வைத்திருக்கின்றனர். சமைப்பதில் அவருக்கு மிகுந்த விருப்பமாம். நான்கு வயதில் வீட்டை விட்டுச் சென்ற பிள்ளைக்கு அடுப்படியின் அருமை தெரிந்திருக்கும் போலும்.

1988 ஒக்டோபரில் வோஷிங்டன் நகரிலே அவர் உயிர் நீத்தார். உடலைத் தாய்நாட்டுக்குக் கொண்டுவந்து, முன்னோர் துயிலும் இமோகிரி மலையில் அடக்கஞ் செய்தனர். அரண்மனையிலிருந்து அம்மலைவரை, வீதியின் இருமருங்கும் மக்கள் திரண்டு நின்றனர். 1990இல் அவரைத் தேசிய வீரராக அரசாங்கம் கௌரவித்தது.

அவருடைய வாழ்க்கை வரலாறாக 1982இல் வெளிவந்த நூலுக்கு ‘மக்களுக்காகச் சிம்மாசனம்’ என்னும் பொருள்படும் பெயரை வைத்தார்கள். பொருத்தமான பெயர். சிம்மாசனத்தை அவர் உடைக்கவில்லை. தூக்கி எறியவும் இல்லை. அது எதற்குப் பயன்படும் என்று எண்ணிப் பார்த்தார். யுத்த காலத்தில் அது மறைவிடமாயிற்று, பிள்ளைகளுக்கு வகுப்பறையாயிற்று, கடைசியில் கந்தோர் நாற்காலியாயிற்று. பரீட்சைக்குப் படித்துக்கொண்டிருக்கும் நம் பிள்ளைகளுக்கு நாளை ஏதோ ஒரு நாற்காலி கிடைக்கும். அது கச்சேரியிலோ, பாடசாலையிலோ, வைத்தியசாலையிலோ, கடையிலோ இருக்கலாம். அது எவ்வளவு உயரமானது என்று கேட்கும் பெற்றோர், எதிரே நிற்பவருக்கு அதனால் என்ன பயன் என்றும் ஒருமுறை கேட்டுவைத்தல் நன்று.

யப்பானியர் காலத்திலே வெட்டப்பட்ட அவ்வாய்க்காலை ‘செலோக்கான் மத்தராம்’ என்று இன்று அழைக்கின்றனர். வெட்டியவர்களில் இன்று எஞ்சியிருப்போர் அரியர். மேற்கேயுள்ள புரோகோவிலிருந்து கிழக்கு நோக்கி, நகரின் வடபுறமாக, சர்வகலாசாலையின் அருகாக, வயல்களினூடே நீர் ஓடிக்கொண்டிருக்கின்றது. கரையிலே நடப்போருக்கு அரசரின் நினைவு வந்தாலும் வராவிட்டாலும், நெல்லுக்கு நீர் பாய்கின்றது.